நாகம்மா எடுத்த தடம்

ராயக்கோட்டைச் சுற்றுவட்டாரத்தில் தடம் எடுக்கிறவர்கள் ஏழெட்டுப் பேர் இருக்கிறார்கள். ஒரு வீட்டுக்கு வேலைக்குப் போனால் எல்லோரும் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: "அது நடந்தப்போ இங்க நின்னவங்க யாரு?" நாகம்மா மட்டும் அதோடு நிறுத்துவதில்லை. "வர முடியாம போனவங்க யாரு?" என்றும் கேட்பார். அப்படிக் கேட்டால் எந்த வீட்டிலும் ஒரு பெயராவது வந்துவிடும். பட்டாளத்தில் இருந்த மகன், கட்டிக்கொடுத்த ஊரிலிருந்து கிளம்ப முடியாத பெண், பழைய சண்டையால் சொல்லியனுப்பாமல் விட்ட தம்பி. அவர்களையும் ஒரு வார்த்தை கேளுங்கள், பிறகு எடுக்கிறேன் என்று சொல்லிவிட்டுப் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுவார். பெரும்பாலும் அதோடு அந்த வேலை கைவிட்டுப் போகும். மற்றவர்கள் சிரிப்பார்கள். "செத்தவனையும் ஒரு வார்த்த கேட்டுட்டு வரச் சொல்லுவா போல இருக்குது" என்று சந்தையில் ஒருவர் சொன்னதை நானே கேட்டிருக்கிறேன்.

அந்த இரண்டாவது கேள்வி அவருக்கு எப்படி வந்தது என்பதைத்தான் எழுதப் போகிறேன். பாதி நாகம்மா சொன்னது. மீதி, அதில் சம்பந்தப்பட்ட செல்வம்மாள் சொன்னது. இருவரும் இதைப் பற்றி அதிகம் பேசுகிறவர்கள் அல்ல.

தடம் என்றால் என்ன என்று இந்தப் பக்கத்தில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. வெளியூர்க்காரர்களுக்காகச் சொல்கிறேன். ஓர் இடத்தில் மனதை உலுக்கும்படி ஏதாவது நடந்தால், அந்த இடத்து மண் சூட்டைப் பிடித்து வைத்துக்கொள்ளும். வெறுங்காலோடு நின்றால் தெரியும். கல்யாணப் பந்தல் போட்ட இடம் சீக்கிரம் ஆறிவிடும். அடிதடி நடந்த இடம் அடுத்த மழை வரை தாங்கும். உயிர் போன இடம் வருஷக்கணக்கில் சூடாகவே இருக்கும். அந்தச் சூட்டை இரும்பில் இறக்கி, தெம்பில்லாத உயிருக்குக் கொடுக்கலாம். எழுந்து நிற்க முடியாத மாட்டுக்கு, கன்று போட முடியாத பசுவுக்கு, பிரசவத்தில் களைத்துப்போன பெண்ணுக்கு. எல்லைக்கு அந்தப் பக்கம் கன்னடத்தில் 'பிஸி தெகெயோது' என்பார்கள். சூடு எடுப்பது என்று அர்த்தம். அந்தச் சொல்தான் சரியானது என்று எனக்குத் தோன்றும். தடம் என்று நாம் சொல்லும்போது, எடுத்த பிறகும் அங்கே ஏதோ மிஞ்சியிருக்கும் போல ஒலிக்கிறது. அப்படி ஒன்றும் மிஞ்சுவதில்லை. இடம் ஆறிப்போகும். அன்று அங்கே நின்றவர்களுக்கும் அது ஆறிப்போகும். நடந்தது மறக்காது, ஆனால் யாருக்கோ நடந்ததைக் கேள்விப்பட்டதுபோல இருக்கும். அதனால்தான் நின்றவர்களைக் கேட்காமல் எடுக்கக் கூடாது என்ற வழக்கம்.

நாகம்மா மாட்டு லாடத்தில் இறக்குவார். புது லாடம் ஆகாது. மாட்டின் காலில் தேய்ந்து, லாடம் கட்டுகிறவர் கழற்றிப் போட்ட பழையதுதான் வேண்டும். "நடந்த இரும்புதான் வாங்கும், நடக்காத இரும்பு மொறச்சிக்கினு நிக்கும்" என்பார். சூடான இடத்தில் லாடத்தை வைத்து, அதன்மேல் நனைத்த கோணியைப் போட்டு, உள்ளங்கையை அழுத்திக்கொண்டு உட்காருவார். கோணி தானாகக் காய்ந்துவிட்டால் எடுத்தாயிற்று. லாடத்தை ஆமணக்கு இலையில் சுற்றிக் கட்டுவார். அது அவிழ்க்கும்வரை ஆறாது.

ஒரு காலத்தில் இந்த வேலைக்கு வீடுகளுக்குள் போகவேண்டிய அவசியமே இல்லை. யுத்தத்தின்போது ஓசூர் போகும் சின்ன ரயிலின் தண்டவாளங்களைப் பெயர்த்து எடுத்துக்கொண்டு போன பிறகு, ரயில் ஓடிய மேடு வெறுமனே கிடந்தது. வழியனுப்பி அழுதவர்களின் சூடும் வந்து இறங்கியவர்களின் சூடும் அங்கே ஏராளமாக இருந்தது. வந்து போனவர்கள் ஆயிரக்கணக்கில் என்பதால் யாரைக் கேட்பது என்ற கேள்வியும் எழவில்லை. ஆளுக்கொரு பக்கமாக எடுத்து எடுத்து, சில வருஷங்களிலேயே அந்த மேடு முழுவதும் ஆறிப்போனது. இப்போது அதில் ஆடுகள் மேய்கின்றன. அதன் பிறகுதான் தடம் எடுக்கிறவர்கள் வீட்டு வாசல்களுக்கு வந்தார்கள்.

வந்ததும் அவர்கள் ஒன்றைக் கண்டுகொண்டார்கள். ஜனங்களே துக்கத்தைக் கொடுக்கக் காத்திருந்தார்கள். எடுத்துக்கொண்டு போ என்று ராகியும் அவரைக்காயும் கொடுத்து அனுப்பினார்கள். நாகம்மா தன் வேலையை ஒரு நல்ல காரியம் என்றே நினைத்திருந்தார். அவருக்கு அப்போது நாற்பது வயது இருக்கும். கட்டையான உடம்பு, பெரிய கைகள், சத்தமான சிரிப்பு. பேச ஆரம்பித்தால் எதிரில் இருப்பவர் வாய் திறக்க இடமிருக்காது. இப்போது அவரைப் பார்ப்பவர்களுக்கு இதை நம்புவது கஷ்டம்.

ஐம்பத்தைந்தாம் வருஷம், புளி உலுக்கி முடிந்த சமயம். சென்றாயன் என்ற விவசாயி அவரைத் தேடி வந்தார். ராயக்கோட்டைக்குப் பக்கத்தில் சின்ன ஊர், கொஞ்சம் நிலம், இரண்டு மாடு. அவருடைய ஒரே மகன் முனிவேல் அதற்கு முந்தைய மழைக்காலத்தில் காய்ச்சலில் இறந்திருந்தான். ஐந்து வயது. அவன் தாய் செல்வம்மாள் அப்போது ஊரில் இல்லை. தங்கையின் பிரசவத்துக்காக மைசூர் ராஜ்யத்தில் ஆனேக்கல்லுக்குப் போயிருந்தாள். ஆள் போய்ச் சொல்லி அவள் வந்து சேர்வதற்குள் பையனைப் புதைத்துவிட்டிருந்தார்கள்.

"எங்க போச்சு உசுரு?" என்று நாகம்மா கேட்டார்.

"மாட்டுக் கொட்டாயில. என் மடியில."

"கூட யாரு இருந்தா?"

"நான் மட்டுந்தாங்க்கா. பக்கத்து வூட்டுக்காரன வண்டி கட்டிக்கினு வரச் சொல்லி அனுப்பியிருந்தன். அவன் வர்றதுக்குள்ள..." அதற்கு மேல் அவரால் பேச முடியவில்லை. அன்று நடந்ததைப் பற்றி அவர் யாரிடமும் பேசியதில்லை. யாராவது கேட்டால் எழுந்து போய்விடுவார். கொட்டகைக்குள் கால் வைக்க முடியாமல் மாடுகளை வெளியே வேப்பமரத்தில் கட்டி வைத்திருந்தார்.

"எனக்குன்னா கூட பரவால்லக்கா. அவளப் பார்க்க முடியல. விடிஞ்சா எந்திரிச்சி அங்க போயி நிக்கிறா. கூப்பிட்டா வர்றதில்ல. சோறு எறங்கறதில்ல. இப்படியே போனா அவளும் போயிடுவா."

"அவ அன்னிக்கி அங்க நின்னாளா?"

"இல்லீங்க. அவதான் ஊர்லயே இல்லயே."

"அப்ப உன் வார்த்த போதும்" என்றார் நாகம்மா. "கவலப்படாத சென்றாயா. சுமைய எறக்கி வெச்சிட்டு நல்லாத் தூங்குவ."

செல்வம்மாள் கத்திரிக்காய்க் கூடையோடு சந்தைக்குப் போயிருந்த ஒரு காலையில் நாகம்மா அங்கே போனார். கொட்டகையில் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் ஓர் ஆள் உட்காரும் அளவுக்கு மண் சூடாக இருந்தது. இவ்வளவு சூட்டை அவர் அந்த வருஷத்தில் பார்த்ததில்லை. சென்றாயன் கொட்டகைக்கு வெளியிலேயே நின்று, வார்த்தை கொடுத்ததற்கு அடையாளமாகப் பாதத்துத் தூசியைத் தட்டி, "எடுத்துக்கோ" என்றார். கோணி சீக்கிரமே காய்ந்தது. லாடத்தை இலையில் சுற்றும்போது நாகம்மாவின் விரல் நுனி கொப்பளித்தது. எழுந்து பார்த்தபோது சென்றாயன் கொட்டகைக்குள் வந்து, தொட்டியில் தண்ணீர் இருக்கிறதா என்று எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மாட்ட உள்ள கட்டிடலாம் இல்ல?" என்று கேட்டார். குரலில் எந்தத் தடங்கலும் இல்லை. நாகம்மா திருப்தியோடு வீட்டுக்குப் போனார்.

மறுநாளே அந்த லாடத்தை அக்பர் பாஷா வாங்கிக்கொண்டார். அவர் வண்டிக்காரர். ராயக்கோட்டை மண்டியிலிருந்து பெங்களூருக்குப் புளி மூட்டை ஏற்றிப் போகிறவர். அவருடைய வலது பக்கத்து மாடு நோயில் விழுந்து அப்போதுதான் எழுந்திருந்தது. வழியில் படுத்துவிட்டால் கொடுக்க ஒன்று வேண்டும் என்று கேட்டார். "ஊரையே இழுக்கும் பாய் இது" என்று சொல்லிக் கொடுத்தார் நாகம்மா. யாருடையது என்று சொல்லும் வழக்கம் இல்லை. அவரும் கேட்கவில்லை.

அதற்கடுத்த நாள் காலையில் செல்வம்மாள் நாகம்மாவின் வாசலுக்கு வந்து நின்றாள். சந்தையிலிருந்து திரும்பிய அன்றே அவளுக்குத் தெரிந்துவிட்டது. தொட்டிக்குப் பக்கத்தில் மாடு நின்றுகொண்டிருந்தது. அதை விலக்கிவிட்டு நின்று பார்த்தாள். காலுக்குக் கீழே சாணி ஈரம் மட்டும் இருந்தது. புருஷனைக் கேட்க அவளுக்கு ஒரு நாள் ஆனது. கேட்டபோது அவர் ஒளிக்கவில்லை. உன் நல்லதுக்குத்தான் என்று சொல்லிவிட்டு, வழக்கத்துக்கு மேலேயே சாப்பிட்டுப் படுத்துத் தூங்கிவிட்டார்.

"என்னுத எங்க வெச்சிருக்கீங்க?" என்று கேட்டாள் செல்வம்மாள்.

"உன்னுதா? நீ அங்க நிக்கலயேம்மா. நின்னவன் வார்த்த குடுத்தான், எடுத்தன்."

"நிக்கலதான். அதனாலதான் கேக்கறன். எம்புள்ள சாவும்போது நான் பக்கத்துல இல்ல. மூஞ்சியக்கூடப் பாக்கல. மண்ணுதான் பார்த்தன். அவரு ஒண்ணும் சொல்ல மாட்டேன்றாரு, சொல்ல முடியல அவருக்கு. எனக்குன்னு இருந்தது அந்த எடம் ஒண்ணுதான். அங்க போயி நின்னா கால்ல சூடு தட்டும். சரி, இங்கதான் இருந்தான்னு நெனச்சிக்குவன். அதயும் எடுத்துக்கினு வந்துட்டீங்களே அக்கா."

அவள் சத்தம் போடவில்லை. அதுதான் தாங்க முடியாமல் இருந்தது என்று நாகம்மா என்னிடம் சொன்னார். நின்றவர்களுக்கு மட்டுமே பாத்தியதை என்பது சரிதானா என்று அவர் ஒரு நாளும் யோசித்துப் பார்த்ததில்லை. நிற்க முடியாமல் போனவளுக்கு அந்த இடம் இன்னும் அதிகமாக வேண்டியிருக்கும் என்று யாரும் அவருக்குச் சொன்னதில்லை.

"திருப்பி மண்ணுல எறக்க முடியாது" என்றார். "அவுத்தா ஏதோ ஒரு உசுருக்குள்ளதான் போகும்."

"எனக்குள்ள போகட்டும். குடுங்க."

"என்கிட்ட இல்ல தாயீ. வண்டிக்காரர் வாங்கிக்கினு போயிட்டாரு. நேத்து கெளம்பினாரு."

"மாடு எங்கயும் படுக்காம இருந்தா இன்னும் அவர்கிட்டதான இருக்கும்?"

"இருக்கும்."

"வாங்க போலாம்."

இருவரும் ஓசூர் பஸ் பிடித்தார்கள். கண்டக்டர் நாகம்மாவுக்குத் தெரிந்தவர். "நாகம்மாக்கா, நம்ம பஸ்ஸுக்கும் ஒரு லாடம் கட்டிவுடேன். மேடு வந்தா மொனகுது" என்றார். வழக்கமாக அதற்கு இரண்டு பதில் வைத்திருப்பவர் அன்று டிக்கெட்டுக்குக் காசை மட்டும் நீட்டினார். கண்டக்டர் செல்வம்மாளின் முகத்தைப் பார்த்துவிட்டு முன்பக்கம் போய்விட்டார். சாலையோரத்து மாட்டு வண்டிகளையெல்லாம் செல்வம்மாள் எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டே வந்தாள்.

பாதி வழியில் அவள் கேட்டாள்: "உங்களுதுன்னு எதுவும் எடுத்ததில்லயா?"

"எடுத்திருக்கன்."

"எது?"

"எங்க வூட்டுக்காரரு கோலார் தங்கவயலுக்குப் போனாரு. வாசப்படியில நின்னு, வர்ற உகாதிக்கு வந்துடறன்னாரு. நான் அழுதன். அவரும் அழுதாரு. அந்தப் படி ரொம்ப நாளு சூடா இருந்துச்சி. மூணு உகாதிக்கி வந்துட்டுப் போனாரு. அப்புறம் பக்கத்து வூட்டுப் பசு கன்னு போட முடியாம கத்திக்கினு கெடந்துச்சி. எடுத்துக் குடுத்துட்டன்."

"அப்புறம்?"

"கன்னு நல்லபடியா பொறந்துச்சி. எனக்கும் லேசாப் போச்சு. அதுக்கப்புறம் அவரு வரல." நாகம்மா தொடர்ந்தார்: "அவரும் அங்க நின்னவருதான. அவரையும் கேட்டிருக்கணும். கோலாருக்குப் போயா கேக்கறதுன்னு வுட்டுட்டன்."

அதுவரை தன் புருஷன் திரும்பாததற்கும் தான் எடுத்த சூட்டுக்கும் சம்பந்தம் இருக்கும் என்று அவர் வாய்விட்டுச் சொன்னதில்லை. அதைச் சொன்னபோதும் தனக்கு வருத்தம் எதுவும் வரவில்லை என்றார் என்னிடம். வருவதற்கு அங்கே ஒன்றும் இல்லை. வருத்தம் வரவில்லையே என்பதுதான் பயமாக இருந்ததாம்.

ஓசூரில் இறங்கி விசாரித்தபோது புளி வண்டிகள் விடியற்காலையிலேயே பெங்களூர் ரோட்டில் போய்விட்டதாகச் சொன்னார்கள். இருவரும் நடந்தார்கள். வெயில் ஏறியிருந்தது. ஜூஜுவாடியை நெருங்கும்போது வண்டிகள் வரிசையாக நிற்பது தெரிந்தது. எல்லையில் மதுவிலக்குப் போலீஸ்காரர்கள் அந்தப் பக்கத்திலிருந்து சாராயம் வருகிறதா என்று வைக்கோலைக் குத்திப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வரிசைக்கு வெளியே, ஓர் ஆலமரத்தின் கீழே, அக்பர் பாஷாவின் வண்டி முன்பக்கத்து மூக்கணைக் கட்டை தரையில் பட நின்றிருந்தது. வலது மாடு காலை மடக்கிப் படுத்திருந்தது. அதன் வாயில் நுரை. அக்பர் பாஷா பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, கையில் ஆமணக்கு இலைப் பொட்டலத்தை வைத்துக்கொண்டு அதன் நாரை அவிழ்த்துக்கொண்டிருந்தார்.

"பாய், அவுக்காதீங்க!" என்று நாகம்மா ஓடினார்.

அக்பர் பாஷா நிமிர்ந்து பார்த்தார். "என்னா நாகம்மாக்கா, குடுத்தத வாங்க இவ்ளோ தூரம் வந்தியா? மாட்டப் பாரு. இன்னும் கொஞ்சம் போனா கண்ணு சொருகிடும்."

நாகம்மா விஷயத்தைச் சொன்னார். அவர் கேட்டுக்கொண்டே செல்வம்மாளைப் பார்த்தார். அவள் பொட்டலத்தை மட்டும் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"புள்ளையோடதுன்னு சொல்லலயே நீ."

"சொல்ற வழக்கமில்ல பாய்."

"என்னா வழக்கமோ." அவர் மாட்டின் கழுத்தைத் தடவினார். "எங்க வூட்டு அடுப்பு இதாலதான் எரியுது தங்கச்சி. அல்லா மேல ஆணையாச் சொல்றன், திருப்பிக் குடுக்க எனக்கு மனசு வரல. இந்த மாட்டக் கன்னுலயே வாங்கினன். சொல்லு, நான் என்னா செய்யட்டும்?"

செல்வம்மாள் கையை நீட்டவில்லை. அவர் பொட்டலத்தையும் மாட்டையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு எழுந்து வந்து அவள் கையில் வைத்துவிட்டுத் திரும்பிக்கொண்டார்.

நாகம்மாவுக்கு இன்னொன்றைச் சொல்ல வேண்டியிருந்தது. அதை வழியிலேயே சொல்லியிருக்க வேண்டும். தைரியம் வரவில்லை. "செல்வம்மா, ஒண்ணு கேட்டுக்கோ. அதுல அவன் இருக்க மாட்டான். மூஞ்சி, பேச்சு, ஒண்ணும் வராது. இரும்புக்கு வந்தப்புறம் வெறும் சூடுதான். தெம்பு வரும், அவ்ளோதான்."

"மண்ணுல இருந்தப்போ?"

"அப்பயும் அவ்ளோதாம்மா. மீதியெல்லாம் நீ நெனச்சிக்கினது."

மாட்டின் மூச்சு விட்டுவிட்டு வந்துகொண்டிருந்தது. அதைக் கேட்டுக்கொண்டேதான் இலையைப் பிரித்தேன் என்று செல்வம்மாள் என்னிடம் சொன்னாள். பிரிக்காமல் இருக்க முடியவில்லை. லாடத்தை இரண்டு கையாலும் பிடித்து மார்போடு அழுத்திக்கொண்டாள். சூடு கைவழியே ஏறித் தோளுக்கும் முதுகுக்கும் இடுப்புக்கும் போனது. அவன் வரவில்லை. மாதக்கணக்காகச் சரியாகச் சாப்பிடாத உடம்பில் எலும்பெல்லாம் திமிறிக்கொண்டு நின்றது. அழலாம் என்று பார்த்தாள். அழுவதற்குக் கொஞ்சமாவது தளர்ந்திருக்க வேண்டும். அந்தத் தளர்ச்சி இல்லை. இரும்பு ஆறியதும் அது கையிலிருந்து விழுந்தது.

மாடு ஒருமுறை தலையைத் தூக்கி, பிறகு கீழே போட்டது. அதன்பின் அது அசையவில்லை. அக்பர் பாஷா தோளில் இருந்த துண்டை எடுத்து அதன் முகத்தில் மொய்த்த ஈக்களை விரட்டினார். விரட்டத் தேவையில்லை என்று தெரிந்த பிறகும் விரட்டிக்கொண்டிருந்தார்.

"பாய், இந்த மூட்டைங்க எங்க போகணும்?" என்று கேட்டாள் செல்வம்மாள்.

"பெங்களூருக்கு. இப்ப அதுக்கென்னா?"

"அத்திப்பள்ளியில வேற மாடு கெடைக்குமா?"

"எங்க மச்சான் அங்க இருக்காரு. கெடைக்கும். அங்க வரைக்கும் யாரு இழுக்கறது?"

"மாட்டுக்குப் போக வேண்டியது என்கிட்ட வந்துடுச்சி. நான் இழுக்கறன்."

அவர் காதைப் பொத்திக்கொள்வதுபோலக் கையை வைத்தார். "என்னா பேச்சு தங்கச்சி இது! பொம்பளய நுகத்துல பூட்டினான் அக்பர்னு பேரு வாங்கவா?" ஆனால் அவள் அதற்குள் மூக்கணையைத் தூக்கியிருந்தாள். மூட்டையோடு இருந்த வண்டி அவள் கையில் லேசாக எழுந்து நின்றது. இடது மாட்டை ஒரு பக்கம் பூட்டினார்கள். மறுபக்கம் அவள் முந்தானையைச் சுருட்டித் தோளில் வைத்து, நுகத்தடியைத் தாங்கிக்கொண்டாள். நாகம்மா பின்னால் நின்று தள்ளினார். அக்பர் பாஷா மாட்டின் கயிற்றைப் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்தார். ஒருமுறைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

வரிசையில் நின்ற வண்டிக்காரர்கள் சிலர் சிரித்தார்கள். "ஏனம்மா, ஹோரி எல்லி?" என்று ஒருவன் கன்னடத்தில் காளை எங்கே என்று கத்தினான். போலீஸ்காரர் ஒருவர் கையை நீட்டி நிறுத்தினார். "மாட்டுக்குப் பதிலா பொம்பளயா? இதுக்கு நான் எந்தச் சட்டத்தப் பாக்கறது?" என்றார். செல்வம்மாள் நிற்கவில்லை. கிட்டே வந்ததும் அவள் முகத்தைப் பார்த்து அவர் கையைக் கீழே போட்டுக்கொண்டார். அதன்பின் யாரும் சிரிக்கவில்லை.

ஜூஜுவாடியிலிருந்து அத்திப்பள்ளி அதிக தூரம் இல்லை. அந்த ரோட்டில் சுமையோடு நடந்தது ஓர் அம்மாவின் துக்கம் அல்ல, ஓர் அப்பாவின் துக்கம் என்று நாகம்மா சொல்வார். சென்றாயன் மடியில் பிள்ளையை வைத்துக்கொண்டு அனுபவித்தது அத்தனையும் புளி மூட்டைகளை இழுத்துக்கொண்டு போய்த் தீர்ந்தது. அத்திப்பள்ளிச் சந்தைத் திடலுக்குள் சக்கரம் நுழைந்தபோது செல்வம்மாளின் கால் மடங்கியது. நுகத்தை விட்டுவிட்டு அப்படியே உட்கார்ந்தாள். தோளில் தோல் உரிந்திருந்தது. அக்பர் பாஷாவின் மச்சான் வீட்டுப் பெண்கள் வந்து, யார் என்ன என்று கேட்காமல், அவளை உள்ளே கூட்டிக்கொண்டு போய் மஞ்சள் பற்றுப் போட்டுப் படுக்க வைத்தார்கள்.

அக்பர் பாஷா நாகம்மாவிடம் ஒரே வார்த்தைதான் சொன்னார்: "இனிமே யாரோடதுன்னு சொல்லிக் குடு." பிறகு செத்த மாட்டை என்ன செய்வது என்று பார்க்க ஜூஜுவாடிக்குத் திரும்பி நடந்தார். அதன்பின் அவர் நாகம்மாவிடம் எதுவும் வாங்கியதில்லை.

மறுநாள் பஸ்ஸில் இருவரும் ஊர் திரும்பினார்கள். நாகம்மா தன் வீட்டுக்குப் போயிருக்கலாம். செல்வம்மாள் வரச் சொல்லவும் இல்லை, வேண்டாம் என்று சொல்லவும் இல்லை. கூடவே போனார்.

சென்றாயன் வாசலில் உட்கார்ந்து சந்தைக்குப் போகும் கத்திரிக்காயில் சொத்தையைப் பொறுக்கிக்கொண்டிருந்தார். முகம் தெளிந்திருந்தது. இவர்களைப் பார்த்ததும் சிரித்தார். "எங்க போயிட்ட? பக்கத்து வூட்ல ராகிக்களி குடுத்தாங்க, உனக்கும் வெச்சிருக்கன்" என்றார். பிறகு அவள் தோளைப் பார்த்து, "இதென்னா காயம்?" என்றார்.

செல்வம்மாள் அவருக்கு எதிரில் உட்கார்ந்தாள். கூடையிலிருந்து ஒரு கத்திரிக்காயைக் கையில் எடுத்துக்கொண்டாள். "முனிவேலு எப்படிச் செத்தான்?" என்று கேட்டாள்.

ஆனேக்கல்லிலிருந்து திரும்பி வந்த நாள்முதல் அவள் கேட்டு, அவர் சொல்ல முடியாமல் எழுந்து போன கேள்வி அது. இப்போது அவர் எழுந்து போகவில்லை. ஒரு காயைத் திருப்பிப் பார்த்துச் சொத்தைப் பக்கம் போட்டுவிட்டுச் சொல்லத் தொடங்கினார்.

"மொத நாளே காய்ச்சல் இருந்துச்சி. கஷாயம் குடுத்தன், கக்கிட்டான். வூட்டுக்குள்ள படுக்க மாட்டேன்னான். கன்னுக்குட்டிகிட்ட போவணும்னு அடம். சரின்னு கொட்டாய்க்குத் தூக்கிக்கினு போனன். தொட்டிகிட்ட ஒக்காந்து மடியில போட்டுக்கினன். ஒடம்பு அனலாக் கொதிச்சிது. கன்னுக்குட்டி வந்து அவன் கால நக்கிச்சி. சிரிச்சான்."

"சிரிச்சானா?"

"ஆமா. அப்புறம் அம்மா எப்ப வரும்னு கேட்டான். நாளைக்கின்னேன். நடந்து வருமா, பஸ்ஸுல வருமான்னான். பஸ்ஸுலதாண்டான்னேன். அப்ப ஜன்னல் பக்கம் ஒக்காரச் சொல்லு, எனக்கு எல்லாத்தயும் பாத்துட்டு வந்து சொல்லணும்னான்." சென்றாயன் இன்னொரு காயை எடுத்தார். "அப்புறம் பேசல. வண்டி வர்ற சத்தம் கேட்டு எழுப்பிப் பார்த்தன். போயிட்டிருந்தான். அவ்ளோதான்."

சந்தையில் என்ன விலை போனது என்று சொல்லும் குரலில்தான் அவர் சொன்னார். எதையும் விட்டுவிடவில்லை. எந்த இடத்திலும் நிற்கவும் இல்லை.

"ஜன்னல் பக்கம்னா சொன்னான்?"

"ஆமா, ஜன்னல் பக்கம்னுதான் சொன்னான்."

செல்வம்மாள் கையிலிருந்த காயைக் கூடையில் வைத்தாள். பிறகு தரையில் நெற்றி படும்படி குனிந்து, வாய்விட்டு அழத் தொடங்கினாள். ஆனேக்கல்லிலிருந்து ஓடி வந்த அன்றுகூட அவள் அப்படி அழவில்லை என்று பக்கத்து வீட்டார் பிறகு சொன்னார்கள். சென்றாயன் பயந்துபோய்க் கூடையைத் தள்ளி வைத்தார். அவள் முதுகில் கை வைத்தார், எடுத்தார், மறுபடி வைத்தார். அவளுக்குப் பக்கத்தில் குனிந்து உட்கார்ந்தார். சேர்ந்து அழ வேண்டிய இடம் அது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. கண்ணைத் துடைத்துப் பார்த்தார். விரல் காய்ந்திருந்தது.

அவர் நிமிர்ந்து, கொஞ்சம் தள்ளி நின்ற நாகம்மாவைப் பார்த்தார்.

"என் பையன்தானக்கா அவன்?" என்று கேட்டார்.

"உன் பையன்தான் சென்றாயா" என்றார் நாகம்மா.